காயவிட்ட கொடிக்கால்

தாமிரபரணிக் கரையை ராஜாக்கள் ஆண்ட காலத்தில் நடந்த கதை இது. எந்த ராஜா என்று கேட்காதீர்கள். இந்தக் கதைக்கு அவர் தேவைப்படவில்லை. நெடுங்கரை என்ற ஊரில் வெற்றிலை வணிகர் ஒருவர் இருந்தார், அவ்வளவு தெரிந்தால் போதும்.

அவருக்கு இரண்டு சொத்து. ஊருக்குக் கிழக்கே வாய்க்காலை ஒட்டி ஒரு வெற்றிலைக் கொடிக்கால். கோயில் வாசல் கடைத்தெருவில் ஒரு வெற்றிலைக் கடை. பிள்ளைகள் மூன்று பேர். மூத்தவன் ஆவுடையப்பன், நடுவில் உலகம்மை, கடைக்குட்டி பிச்சாண்டி.

ஆவுடையப்பன் கொடிக்காலிலேயே வளர்ந்தவன். அகத்தி மரத்தில் கொடியைத் தூக்கிக் கட்டுவது, மடை திறந்து தண்ணீர் விடுவது, பழுத்த இலையைக் கிள்ளி எறிவது எல்லாம் அவன் கை. கொடிக்காலுக்குள் யாரும் செருப்புப் போட்டு நுழையக் கூடாது என்பது அந்த ஊர்க் கட்டுப்பாடு. அவன் வாய்க்கால் கண்ணில் படும்போதே செருப்பைக் கழற்றிவிடுவான்.

பிச்சாண்டி கடையில் வளர்ந்தவன். சிரித்துப் பேசி விற்பான். கல்யாண வீட்டாருக்கு ஒரு பேச்சு, கோயில் குருக்களுக்கு ஒரு பேச்சு, வழிப்போக்கனுக்கு ஒரு பேச்சு. கொடிக்கால் பக்கம் போனால் அவனுக்குத் தும்மல் வரும்.

உலகம்மையை வாய்க்காலுக்கு அக்கரையில் கட்டிக் கொடுத்திருந்தார்கள். சீர்வரிசை கொடுத்தாயிற்று, இனி அவளுக்குப் பங்கில்லை என்பது அந்தக் கால வழக்கம்.

தகப்பனார் கண்ணை மூடினார். கருமாதி முடிந்தது. கொஞ்ச காலம் ஒரே அடுப்பில் சோறு பொங்கியது. பிறகு இரண்டு மருமகள்களுக்கும் ஒரு அம்மிக்கல்லில் சண்டை வந்து அடுப்பு இரண்டானது. அடுப்பு இரண்டானால் சொத்தும் இரண்டாக வேண்டியதுதானே.

அந்த நாட்டில் பாகம் பிரிப்பதற்கு ஒரு முறை இருந்தது. மூத்தவன் பங்கு வைக்க வேண்டும். இளையவன் முதலில் எடுக்க வேண்டும். மூத்தவன் ஒரு பக்கம் கூட வைத்தால் இளையவன் அதைத் தூக்கிக்கொண்டு போய்விடுவான் என்பதால் பங்கு ஒழுங்காக இருக்கும். இந்த ஏற்பாட்டைச் செய்த பெரியவர்கள் மனிதனை நம்பவில்லை, அவனுடைய பேராசையை நம்பினார்கள். பெரும்பாலும் அது வேலை செய்தது.

கொடிக்கால் ஒரு பங்கு, கடை ஒரு பங்கு. இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று நீங்கள் கேட்பீர்கள். அண்ணனுக்குக் கொடிக்கால், தம்பிக்குக் கடை. கண் தெரியாதவனுக்குக்கூட அது தெரியும். ஆவுடையப்பனுக்கு மட்டும் தெரியவில்லை, ஏனென்றால் அவனுக்குப் பயம்.

கொடிக்கால் போய்விட்டால் நான் எங்கே போவேன் என்று அவன் நினைத்தான். வேறு தொழில் தெரியாது. வேறு தொழில் தெரிந்தாலும் வேண்டாம். அந்த ஈர மண்ணும் நிழலும் இல்லாமல் அவனுக்கு ஒரு பொழுது போகாது.

"தம்பிகிட்ட நேரா கேட்டா என்ன?" என்றாள் அவன் மனைவி கோமதி. "எனக்குக் கொடிக்கால் வேணும், நீ கடைய எடுத்துக்கோன்னு சொல்லுங்களேன்."

"நீ சும்மா இரு. எனக்கு இது வேணும்னு தெரிஞ்சா அவன் அதுமேல கைய வச்சிருவான். அப்புறம் விட்டுக்கொடுக்க மேல என்ன தருவேன்னு கேப்பான். அவன் கடைக்காரன்லா?"

"உங்க தம்பிதான அவரு?"

"உனக்கு ஒண்ணும் தெரியாது," என்றான் ஆவுடையப்பன். தந்திரம் செய்யக் கிளம்புகிறவர்கள் எல்லாரும் வீட்டில் முதலில் சொல்வது இதைத்தான்.

அவன் ஒரு வழி கண்டுபிடித்தான். கொடிக்கால் பார்க்க நோஞ்சானாக இருந்தால் தம்பி அதைத் தொடமாட்டான். ஆகவே மடைக்குப் பக்கத்தில், வாசலில் நின்றால் கண்ணில் படும் வரிசைகளுக்கு மட்டும் தண்ணீரைச் சேறு வைத்து அடைத்தான். தண்ணீர் அந்த வரிசைகளைத் தாண்டி உள்ளே போனது. மடைப் பக்கம்தான் அந்தக் கொடிக்காலிலேயே நல்ல மண். அவன் அப்பா முதன்முதலில் கொடி நட்ட இடமும் அதுதான்.

வெற்றிலைக் கொடி தாகம் பொறுக்காது. முதலில் இலை நுனி சுருண்டது. பிறகு மஞ்சள் பாய்ந்தது. பிறகு கணுவிலிருந்து உதிர ஆரம்பித்தது. ஆவுடையப்பன் தினமும் வந்து பார்த்தான். தன் கையால் கட்டிய கொடிகள் தன் கண் முன்னால் சாவதைப் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போய்ச் சாப்பிடாமல் படுத்தான். அடைத்த சேற்றை எடுத்துவிடலாமா என்று பலமுறை குனிந்தான். குனிந்தவன் நிமிர்ந்துவிட்டான். கொஞ்ச நாள்தான், பிறகு பிழைக்க வைத்துக்கொள்ளலாம் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். இதைவிட மடத்தனம் உண்டா? வேண்டியது கெட்டால்தான் அது கையில் நிற்கும் என்று ஒருவன் நம்பிவிட்டால் அவனை யார் திருத்த முடியும்.

பிச்சாண்டி பங்கு பார்க்க மூன்று முறை வந்தான்.

முதல் முறை வந்தபோது, "என்ன அண்ணே, கொடியெல்லாம் இப்படிப் போச்சு?" என்று கேட்டான். "காலம் சரியில்ல," என்றான் அண்ணன்.

இரண்டாம் முறை வந்தபோது ஒரு கொடி கீழே சரிந்து கிடந்தது. ஆவுடையப்பன் அதைத் தாண்டி நடந்தான். எடுத்துக் கட்டவில்லை. பிச்சாண்டி கொடியைப் பார்த்தான், அண்ணனைப் பார்த்தான், கடைக்குத் திரும்பிப் போனான்.

மூன்றாம் முறை வந்தபோது ஆவுடையப்பனே வாயைத் திறந்தான். "இதுல ஒண்ணுமில்லல பிச்சாண்டி. மண்ணு செத்துப்போச்சு. கடைதான் பொன்னு. உனக்கு நல்லதுக்குச் சொல்லுதேன், கடைய எடுத்துக்கோ."

பங்கு எடுக்கும் நாள் வந்தது. உறவினர்கள் கூடினார்கள். ஆவுடையப்பன் தாம்பாளத்தில் ஒரு பக்கம் கொடிக்கால் மண்ணும், ஒரு பக்கம் கடைச் சாவியும் வைத்தான். பிச்சாண்டி சாவிப் பக்கம் கையை நீட்டினான். நீட்டிய கை பாதியில் நின்றது. பிறகு மண்ணை அள்ளிக்கொண்டான்.

ஆவுடையப்பனுக்குத் தாம்பாளத்தில் சாவிதான் மிஞ்சியது.

பிச்சாண்டியின் மனதில் ஓடியது என்ன என்று உங்களுக்கு இப்போதே சொல்லிவிடுகிறேன். அவன் கடையை எடுக்கத்தான் வந்தான். பிறந்ததிலிருந்து அவனுக்குக் கடைதான் வேண்டும். ஆனால் கொடிக்கு ஒரு கட்டுத் தவறினால் உயிர் போவதுபோல் ஓடும் அண்ணன், சரிந்த கொடியைத் தாண்டிப் போகிறான். ஒருநாளும் வியாபாரம் பேசாதவன் கடையைப் பொன் என்கிறான். அப்படியானால் கடையில் ஏதோ வில்லங்கம் இருக்கிறது, கொடிக்காலில் ஏதோ லாபம் இருக்கிறது, எனக்குத் தெரியாதது இவனுக்குத் தெரிந்திருக்கிறது. இப்படிக் கணக்குப் போட்டுத் தனக்கு வேண்டியதை விட்டுவிட்டான். அண்ணன் ஒரு முழம் தந்திரம் செய்தால் தம்பி இரண்டு முழம் செய்தான். ஒரே வீட்டுப் பிள்ளைகள்தானே.

ஆகக் கொடிக்கால்காரன் கடைக்குப் போனான், கடைக்காரன் கொடிக்காலுக்குப் போனான்.

ஆவுடையப்பன் கடையில் உட்கார்ந்து வந்தவர்களோடு மல்லுக்கு நின்றான். ஒருவர் வெற்றிலையை மடித்துப் பார்த்தால், "துணியா மடிக்க?" என்பான். ஒருவர் ஈரக் கையால் தொட்டால் கூடையை இழுத்துக்கொள்வான். பெரிய கல்யாண வீட்டார் ஒருவர் நாலைந்து இலையைக் கீழே சிந்திவிட்டு மிதித்துக்கொண்டு போனார் என்பதற்காக அவர் கொடுத்த காசைத் திருப்பி நீட்டிவிட்டான். எதிர்க் கடையில் கூட்டம் கூடியது.

பிச்சாண்டி கொடிக்காலில் செருப்போடு நடந்தான். காய்ந்ததைப் பச்சையாக்க வேண்டும் என்று எல்லா மடையையும் ஒரே நேரத்தில் திறந்துவிட்டான். வெற்றிலைக்கு ஈரம் வேண்டும், ஆனால் வெள்ளம் ஆகாது. அடைத்திருந்த சேறு கரைந்து போனது, அதோடு உள் வரிசையில் வேர் அழுக ஆரம்பித்தது. அண்ணன் தாகத்தில் கொன்றதுபோக மிச்சத்தில் பலவற்றைத் தம்பி தண்ணீரில் கொன்றான்.

இதையெல்லாம் ஆவுடையப்பன் வேலிக்கு வெளியே நின்று பார்த்தான். உள்ளே போய் மடையை அடைக்க அவனுக்கு உரிமை இல்லை. மாற்றிக்கொள்ளலாமா என்று கேட்க வாய் வரவில்லை. கேட்கிறவன் இளைத்தவன், கேட்டால் தம்பி அதற்கு மேல் ஏதாவது கேட்பான் என்ற பழைய பயம் தடுத்தது. பிச்சாண்டிக்கும் அதே பயம்.

வேண்டியதைக் கேட்க முடியாதவர்கள் என்ன செய்வார்கள்? சண்டை போடுவார்கள். வியாபாரம் படுத்த கடையைத் தள்ளிவிட்டான், ஈடு கொடுக்க வேண்டும் என்றான் அண்ணன். செத்த கொடிக்காலைத் தலையில் கட்டிவிட்டான், ஈடு கொடுக்க வேண்டும் என்றான் தம்பி.

சமாதானம் பேச முதலில் பங்காளிகள் வந்தார்கள். இரண்டு வீட்டிலும் சாப்பிட்டார்கள். அண்ணன் தம்பி ஒற்றுமையாக இருக்க வேண்டும் என்றார்கள். பிறகு தங்கள் வாய் நிறைய வெற்றிலை இருந்ததால் பேச முடியாமல் போய்விட்டார்கள்.

இரண்டாவதாகச் சம்பந்திகள் வந்தார்கள். அவரவர் மருமகன் பக்கம் அவரவர் பேசினார்கள். ஒரு சண்டை மூன்று சண்டையானது.

மூன்றாவதாக, உலகம்மையைக் கூப்பிடலாம் என்று யாரோ சொன்னார்கள். அவளுக்குப் பங்கில்லை, ஆகவே பட்சபாதம் இருக்காது என்று எல்லாரும் ஒப்புக்கொண்டார்கள். பங்கு இல்லாதவளைப் பங்கு பேசக் கூப்பிடும் நியாயம் எப்படிப்பட்ட நியாயம் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

உலகம்மை வாய்க்காலைத் தாண்டி வந்தாள். "வீட்டுல வச்சு வேண்டாம். கொடிக்கால்ல வச்சுப் பேசுவோம்," என்றாள்.

வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனாள். முதல் வரிசைகளைப் பார்த்தாள். குனிந்து மண்ணைத் தொட்டாள். கவனிப்பில்லாத தோட்டம் கடைசி வரிசையிலிருந்துதான் காயும், ஏனென்றால் தண்ணீர் அங்கே எட்டாது. மடைக்குப் பக்கத்து வரிசை முதலில் காய வேண்டும் என்றால் யாராவது வேண்டுமென்றே அடைத்திருக்க வேண்டும். உலகம்மை அண்ணன் முகத்தைப் பார்த்தாள். ஆவுடையப்பன் அகத்தி மரத்தைப் பார்த்தான்.

இடுப்பில் செருகியிருந்த அரிவாளைக் கையில் எடுத்தாள்.

"ரெண்டு பேருகிட்டயும் நான் ஒரே கேள்விதான் கேப்பேன். உனக்கு என்ன வேணும். அதுக்குப் பதில் சொல்லாம அடுத்தவன் குத்தத்தச் சொன்னா, ஒரு உயிர்க்கொடிய அறுத்துருவேன். சம்மதமா?"

இது என்ன விளையாட்டு என்று இருவரும் நினைத்தார்கள். சம்மதம் என்றார்கள்.

"அண்ணே, உனக்கு என்ன வேணும்?"

"எனக்கு என்ன வேணுமா? இவன் கொடிக்கால என்ன பண்ணி வச்சிருக்கான் பாரு. செருப்புப் போட்டு நடக்கான். மடை மொத்தத்தையும்..."

உலகம்மை பச்சையாக நின்ற ஒரு கொடியை அடியில் அறுத்தாள். கொடி உடனே வாடவில்லை. அகத்தியைப் பிடித்தபடி நின்றது. அது இனி பிழைக்காது என்று ஆவுடையப்பனுக்குத் தெரியும்.

"தம்பி, உனக்கு என்ன வேணும்?"

"செத்த தோட்டத்த என் தலையில கட்டிட்டான் அக்கா. எனக்கு ஈடு..."

இன்னொரு கொடி போனது. அது பிச்சாண்டியின் சொத்து. பிச்சாண்டி சும்மா நின்றான். அலறியது ஆவுடையப்பன்தான்.

"அண்ணே, உனக்கு என்ன வேணும்?"

"உலகு, இது நல்லால்ல. கடையில வியாபாரம் இல்ல. இவன் வாடிக்கைய எல்லாம்..."

அவள் மூன்றாவது கொடியைக் கையில் பிடித்தாள். தளதளவென்று கொழுந்து விட்டிருந்த கொடி. இரண்டு பேர் செய்த கொடுமைக்கும் தப்பிப் பிழைத்தது. அரிவாள் அதன் அடியில் போய் நின்றது.

ஆவுடையப்பன் பாய்ந்து அவள் கையைப் பிடித்தான்.

"வேண்டாம் தாயி. எனக்கு இது வேணும். கொடிக்கால் வேணும். எனக்கு வேற ஒண்ணும் வேண்டாம்."

சொல்லிவிட்டு வரப்பில் உட்கார்ந்துவிட்டான். எத்தனையோ நாளாகத் தொண்டையில் நின்ற சொல் வெளியே வந்ததும் அவனுக்கு அழுகை வந்தது. பெரிய மீசை வைத்த மனிதன், தங்கை முன்னால் அழுதான்.

"மடைய நாந்தான் அடைச்சேன். இவன் எடுக்கக் கூடாதுன்னு அடைச்சேன்," என்றான்.

உலகம்மை தம்பி பக்கம் திரும்பினாள். "உனக்கு?"

பிச்சாண்டி செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டான். "எனக்குக் கடைதான் அக்கா வேணும். அன்னைக்கே சாவியத்தான் எடுக்க வந்தேன். அண்ணன் மூஞ்சியப் பாத்துட்டு மாத்திட்டேன்." பிறகு அண்ணனிடம், "ஒரு வார்த்த கேட்டிருந்தா குடுத்திருப்பேனே," என்றான்.

"கேட்டிருந்தா மேல என்ன தருவேன்னு கேட்டிருப்பல."

பிச்சாண்டி கொஞ்சம் யோசித்தான். "கேட்டிருப்பேன்," என்றான். "கொஞ்சமாக் கேட்டிருப்பேன்."

அதைக் கேட்டு உலகம்மை சிரித்துவிட்டாள். அவள் சிரித்ததும் அவர்களும் சிரித்தார்கள். கொடிக்கால் அண்ணனுக்கு, கடை தம்பிக்கு என்று முடிந்தது. முதல் நாளே முடிந்திருக்க வேண்டிய விஷயம். பாதித் தோட்டமும் பாதி வாடிக்கையும் போன பிறகு முடிந்தது.

அண்ணனும் தம்பியும் கிளம்பினார்கள். உலகம்மை கிளம்பவில்லை. அரிவாளும் அவள் கையிலேயே இருந்தது.

"என்ன உலகு?" என்றான் ஆவுடையப்பன்.

"அந்தக் கேள்விய என்கிட்ட யாரும் கேக்கலியே."

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவளிடம் கேட்க வேண்டும் என்று அவர்களுக்குத் தோன்றியதே இல்லை. கல்யாணத்தின்போது கேட்கவில்லை, சீர் கொடுத்தபோது கேட்கவில்லை, அப்பா இறந்தபோது கேட்கவில்லை.

"உனக்கு என்ன வேணும்?" என்றான் ஆவுடையப்பன்.

"மடைப் பக்கத்துல காஞ்சு கிடக்கே, இந்த வரிசையெல்லாம் எனக்கு வேணும். குத்தகைக்கு இல்ல. அப்பப்போ வந்து பாத்துட்டுப் போறதுக்கு இல்ல. என் பங்கா வேணும். நானும் அவருக்குப் பிறந்தவதான். எனக்கும் கொடி கட்டத் தெரியும்."

ஆவுடையப்பனுக்குத் தோட்டம் இப்போதுதான் திரும்பிக் கைக்கு வந்திருக்கிறது. அதில் கண்ணான இடத்தைக் கேட்கிறாள். அவன் வாய் தானாகவே பேச ஆரம்பித்தது.

"அதுவா? அது எதுக்கு உனக்கு? மண்ணு செத்துப்போச்சு உலகு. அதுல ஒண்ணும்..."

பாதியில் நின்றான். அந்தச் சொற்களை அவனே முன்பு ஒருமுறை இதே இடத்தில் நின்று தம்பியிடம் சொல்லியிருக்கிறான். பிச்சாண்டியும் அண்ணனையே பார்த்துக்கொண்டிருந்தான். உலகம்மை அரிவாளைத் தூக்கவில்லை. காத்திருந்தாள், அவ்வளவுதான்.

ஆவுடையப்பன் தலைகுனிந்தான்.

"பொய். நல்ல மண்ணு. இந்தத் தோட்டத்துலயே இதுதான் நல்ல மண்ணு," என்றான். "குடுக்க மனசு வரல."

"சரி," என்றாள் உலகம்மை.

"ஆனா நீ கேட்டது நியாயம். எடுத்துக்கோ."

ஊரில் இதைப் பற்றி முணுமுணுப்பு இல்லாமலா இருக்கும். கட்டிக் கொடுத்த பெண்ணுக்குப் பங்கா, இது எந்த ஊர் வழக்கம், உன் புத்தி எங்கே போயிற்று என்று பங்காளிகள் திரண்டு வந்து கேட்டார்கள். இந்தத் தடவை ஆவுடையப்பன் அவர்களுக்குச் சாப்பாடு போடவில்லை.

"அவளுக்கு வேணும்னு கேட்டா. எனக்குக் குடுக்க வலிச்சது. வலிச்சுக்கிட்டேதான் குடுத்தேன்," என்றான். "இதுல உங்களுக்கு என்ன வேணும், அதச் சொல்லுங்க."

வந்தவர்கள் ஒவ்வொருவராகத் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பினார்கள்.

கதை கேட்ட பெரியவர்களே, பிள்ளைகளே, இதன் நீதி இதுதான்: தனக்கு வேண்டியதை மறைத்துவைத்துப் பங்கு பேசுகிறவன் அதைத் தன் கையாலேயே கெடுத்துக்கொள்வான், வாய்திறந்து நேராகக் கேட்கிறவருக்கே நியாயம் கிடைக்க வழி உண்டு.